தொலைக்காட்சிப் பெட்டி செய்யும் இடைச்செருகல்

இடைச்செருகல் என்ற சொல்லைக் கேட்டதும் தமிழ் படித்தவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். கம்பராமாயணத்தில் எது கம்பன் பாட்டு, எது வெள்ளிபாடல் என்று தலைமுறை தலைமுறையாக வாதிட்டு வருகிறோம். ரசிகமணி டி.கே.சி. தமக்குக் கம்பன் வாக்காகப் படாத பாடல்களை ஒதுக்கிவிட்டுத் தனிப் பதிப்பே கொண்டுவந்தார். அதற்காக அவரை ஏத்தியவர்களும் உண்டு, ஏசியவர்களும் உண்டு. ஆனால் இரு சாராருக்கும் ஒரு விஷயத்தில் கருத்து வேறுபாடு இல்லை: ஆசிரியன் எழுதாததை ஆசிரியன் பெயரில் படிப்பது தகாது. இந்த மரபில் வந்த நாம்தான் மாலையானால் கூடத்தில் சாய்ந்து அமர்ந்துகொண்டு, நொடிக்குத் தொண்ணூற்றாறு இடைச்செருகல்களை வாய் திறவாமல் ஏற்றுக்கொண்டிருக்கிறோம்.

மிகைப்படுத்தவில்லை, கணக்கைப் பாருங்கள். திரைப்படம் பேசத் தொடங்கிய 1920களின் இறுதியிலிருந்து நொடிக்கு 24 சட்டகம் என்பதே அக்கலையின் பொது வழக்கு. இன்றைய விலை கூடிய பெட்டிகளின் திரை நொடிக்கு 120 முறை தன்னைப் புதுப்பித்துக்கொள்கிறது. இருபத்து நான்கை நூற்றிருபதாக்க இரண்டு வழிகள் உண்டு. ஒவ்வொரு சட்டகத்தையும் ஐந்து முறை காட்டலாம், படைப்புக்கு ஊறில்லை. அல்லது, இரண்டு சட்டகங்களுக்கு இடையே என்ன நடந்திருக்கும் என்று பெட்டியே ஊகித்து, எந்தக் கேமராவும் எடுக்காத நான்கு படங்களைத் தானே வரைந்து நடுவில் செருகலாம். பெட்டியில் அசைவை மழமழப்பாக்கும் வசதி முழு அளவில் இயங்கும்போது நடப்பது இந்த இரண்டாவது வழி. இரண்டரை மணி நேரப் படம் ஒன்றில் எடுத்தவர் தந்த சட்டகங்கள் 2,16,000. பெட்டி செருகியவை 8,64,000. மூலத்தைப் போல நான்கு மடங்கு இடைச்செருகல் கொண்ட ஏடு நம் கைக்கு வந்தால் அதை எந்தப் பதிப்பாசிரியர் அச்சேற்றுவார்?

ஒரு நிறுவனம் இவ்வசதியை 'ட்ரூமோஷன்' என்கிறது, இன்னொன்று 'மோஷன்ஃப்ளோ' என்கிறது, மற்றொன்று 'ஆட்டோ மோஷன் பிளஸ்' என்கிறது. பெயர்களில் மெய்யும் ஓட்டமும் கூடுதலும் துள்ளுகின்றன. விளைவு ஒன்றுதான். படம் மெகாத்தொடராகிவிடுகிறது. ஆங்கிலத்திலும் இதற்கு 'சோப் ஓபரா எஃபெக்ட்' என்றே பெயர். காரணம் எளிது. தொலைக்காட்சித் தொடர்கள் நெடுங்காலம் வீடியோ கேமராவில் எடுக்கப்பட்டவை. நம் நாட்டு ஒளிபரப்பு முறையில் அவற்றின் அசைவு நொடிக்கு 50 முறை பதிவாகிறது. திரைப்படத்தின் அசைவு 24 முறை. முன்னதன் வழுவழுப்பை 'இப்போது, இங்கே' நடப்பது என்றும், பின்னதன் சிறு அதிர்வைக் கதையுலகம் என்றும் வாசிக்க நம் கண் பழகியிருக்கிறது. இந்த வேறுபாட்டை அழிப்பது, செய்யுளைச் சந்தி பிரித்து, சீரை உடைத்து, உரைநடையாகக் கொட்டிவிட்டு, பொருள் மாறவில்லையே என்று கேட்பதை ஒத்தது.

அடுத்து, 'கேம் மோட்' எனப்படும் விளையாட்டு முறைக்கு வருவோம். இதன் மீது நமக்குப் பகை இல்லை. விளையாடுபவர் பொத்தானை அழுத்தியதற்கும் திரையில் அது தெரிவதற்கும் இடையிலான தாமதத்தைக் குறைப்பதே இதன் பணி. சாதாரண முறையில் நூறு மில்லிநொடியைத் தாண்டக்கூடிய தாமதத்தை இருபதுக்கும் கீழே கொண்டுவர, பெட்டி தன் அலங்கார வேலைகளில் பலவற்றைக் கைவிடுகிறது. அந்த அளவில் அது மற்ற முறைகளை விட நேர்மையானதே. ஆனால் விளையாட்டுக்கென்று வேறு சில மாற்றங்களும் அதனோடு வருகின்றன. இருளில் பதுங்கியிருக்கும் எதிரி கண்ணில் படவேண்டும் என்பதற்காக நிழல்களைத் தூக்கி வெளுக்கச் செய்யும் வசதி ஒன்று. வெண்மையை நீலத்தின் பக்கம் இழுக்கும் குளிர்ந்த நிறச்சாயல் மற்றொன்று. சில பெட்டிகளில் விளையாட்டு முறைக்கென்றே தனியாகச் சட்டகம் செருகும் வசதியும் உண்டு. விளையாட்டின் உலகைக் கணிப்பொறியே அந்தந்தக் கணத்தில் வரைகிறது. விளையாடுபவரின் வசதியே அங்கு முதன்மை. ஆகவே அங்கு இவையெல்லாம் பொருந்தும். கேடு எங்கே தொடங்குகிறது என்றால், விளையாட்டு முடிந்து, அதே இணைப்பில் திரைப்படம் ஓடும்போது.

இதை நாம் நம் கல்லூரியிலேயே கண்டோம். தமிழ் முதுகலை மாணவர்க்குத் திரைப்பட ரசனை குறித்த தாள் உண்டு. கருத்தரங்க அறையின் ஸ்மார்ட் தொலைக்காட்சியில் பாலுமகேந்திராவின் 'வீடு' (1988) திரையிடப்பட்டது. கட்டி முடியாத வீட்டை முதியவர் சுற்றிப் பார்க்கும் இடம் வந்தது. சொக்கலிங்க பாகவதர் நடித்த அக்காட்சியில் வசனத்தைவிட ஒளிக்கே வேலை அதிகம். திரையிடல் முடிந்தபின் மாணவர்கள் எழுதித் தந்த குறிப்புகளில் பாதிக்கு மேல் ஒரே பாட்டு: 'காட்சிகள் தொலைக்காட்சி நாடகம் போல் உள்ளன', 'ஒளியமைப்பு தட்டையாக உள்ளது', 'நிழலே இல்லை'. இயற்கை ஒளிக்காகவே பேசப்படும் ஒரு கலைஞரின் படத்தைப் பற்றி எழுதப்பட்ட வரிகள் இவை! பெட்டியைச் சோதித்தபோது காரணம் தெரிந்தது. முந்தைய வாரம் கல்லூரி விழாவில் அதில் கிரிக்கெட் விளையாட்டு ஆடியிருக்கிறார்கள். விளையாட்டு முறை அந்த இணைப்பில் அப்படியே நின்றுவிட்டது. மாணவர்கள் பொய் எழுதவில்லை. தம் கண்முன் இருந்த பிரதியை ஒழுங்காகவே வாசித்திருக்கிறார்கள். பிரதிதான் பிழைபட்டது.

இதைச் சிறு தொழில்நுட்பக் கோளாறு என்று ஒதுக்க நம்மால் இயலவில்லை. திரையரங்கில் 'வீடு' பார்க்கும் வாய்ப்பு இன்றைய இருபது வயதினர்க்கு அநேகமாக இல்லை. 'நாயகன்' (1987) படத்தில் பி.சி. ஸ்ரீராம் முகத்தின் ஒரு பாதியை இருளுக்குக் கொடுத்ததை இவர்கள் பெட்டியில்தான் காண்கிறார்கள். அந்த ஒளிப்பதிவுக்கு அவர் தேசிய விருது பெற்றார். அந்த இருளைத் தூக்கி வெளுப்பாக்கினால் கிடைப்பது கூடுதல் விவரமல்ல, சாம்பல் நிறப் புழுதி. கறுப்பு வெள்ளையில் நிழல்களாலேயே மர்மத்தைக் கட்டிய 'அந்த நாள்' (1954) படத்திற்கும் அதே கதிதான். ஒரு தலைமுறை இப்படங்களைத் தவறான பிரதியில் மட்டுமே கண்டுவிட்டு, இவற்றில் அப்படி என்ன இருக்கிறது என்று கேட்கப் போகிறது. பதில் சொல்ல வேண்டிய கடமை நமக்கு வரும்.

இது உலகில் யாரும் பேசாத புகாருமல்ல. ஒளிப்பதிவாளர் ரீட் மொரானோ, இவ்வசதியை இயல்பாகவே இயக்கி விற்காதீர்கள் என்று 2014இல் தயாரிப்பாளர்களை நோக்கிக் கையெழுத்து இயக்கம் நடத்தினார். 2018 டிசம்பரில் டாம் குரூஸும் இயக்குநர் கிறிஸ்டஃபர் மெக்குவாரியும் படப்பிடிப்பிடையே ஒரு காணொளி வெளியிட்டு, தயவுசெய்து இதை அணையுங்கள் என்று ரசிகர்களைக் கேட்டுக்கொண்டார்கள். 2019 ஆகஸ்டில் யுஎச்டி அலையன்ஸ் என்னும் கூட்டமைப்பு 'ஃபிலிம்மேக்கர் மோட்' என்றொரு முறையை அறிவித்தது. மார்ட்டின் ஸ்கார்செசி, கிறிஸ்டஃபர் நோலன் முதலியோர் அதற்குத் துணை நின்றனர். சட்டகம் செருகுதல், செயற்கைக் கூர்மை, இரைச்சல் நீக்கம் ஆகியவற்றை நிறுத்தி, படத்தின் விகிதத்தையும் நிறத்தையும் எடுத்தவர் விட்டபடியே காட்டுவது அம்முறை. நல்ல காரியம்தான். ஆனால் இதன் விசித்திரத்தைக் கவனியுங்கள். படைப்பை உள்ளபடி காட்டுவதற்குத் தனிப்பெயர் சூட்டி, பட்டியலின் மூலையில் ஒரு சலுகையாக வைக்கிறார்கள். சிதைப்பதோ பெயரில்லாத இயல்பு நிலையாக முன்னால் நிற்கிறது!

தயாரிப்பாளர்கள் ஏன் இப்படிச் செய்கிறார்கள்? கடைக்குப் போய்ப் பாருங்கள், விடை அங்கே இருக்கிறது. குழல் விளக்குகள் கொளுத்தும் கூடத்தில் முப்பது பெட்டிகள் வரிசையாக நிற்கின்றன. அவற்றுள் அதிகம் பளபளப்பது, அதிகம் நீலம் காட்டுவது, அதிகம் வழுவழுப்பது எதுவோ அதுவே வாங்குபவரின் கண்ணை இழுக்கும். அந்த அரை நிமிடப் போட்டிக்குப் பூசிய அரிதாரம் வீட்டுக்கும் வந்துவிடுகிறது. முதல்நாள் பெட்டியைப் பொருத்தும் பணியாளர் அவசரத்தில் எதையோ அழுத்திவிட்டுப் போகிறார். பிறகு பத்தாண்டு அதுவே நிலை.

நம்மை மறுப்போர் கூற்றுகள் மூன்று.

முதலாவது: 'என் பெட்டி, என் கண், என் விருப்பம்.' மறுக்கவில்லை. ஆனால் விருப்பம் என்பது தெரிந்து தேர்வது. எத்தனை வீடுகளில் இந்தத் தேர்வு கேட்கப்பட்டது? அறிந்து, இரண்டையும் ஒப்பிட்டு, எனக்கு வழுவழுப்பே பிடிக்கிறது என்பாரை நாம் வணங்கி விலகுகிறோம். கிரிக்கெட்டுக்கும் செய்திக்கும் எதையும் வைத்துக்கொள்ளட்டும். ஓஎல்ஈடி திரைகளில் கேமரா பக்கவாட்டில் நகரும்போது படம் விட்டுவிட்டுத் தெரிவது உண்மை. அதற்காக மிகக் குறைந்த அளவில் ஒருவர் இவ்வசதியை வைத்துக்கொண்டாலும் குற்றம் சொல்லோம். அவர் அறிந்து செய்கிறார்.

இரண்டாவது: 'இருபத்து நான்கு என்ன வேதவாக்கா?' இல்லை. பீட்டர் ஜாக்சன் 2012இல் 'தி ஹாபிட்' படத்தை நொடிக்கு 48 சட்டகத்தில் எடுத்தார். ஆங் லீ 2016இல் 120 வரை போனார். அவை வென்றனவா தோற்றனவா என்பது வேறு விவாதம். அவர்கள் தம் படைப்புக்குத் தாமே தேர்ந்த யாப்பு அது. ஆசிரியன் அகவலை விட்டு விருத்தத்தில் பாடுவது அவன் உரிமை. அவன் அகவலை அச்சகத்தார் விருத்தமாக்குவது எவ்வகையில் உரிமை?

மூன்றாவது, சற்று வலுவானது: 'பழைய தமிழ்ப் படங்களின் பிரதிகளே தேய்ந்து கீறல் விழுந்து கிடக்கின்றன. அவற்றுக்கு இந்தத் தூய்மை எதற்கு?' இதற்கு விடையைப் பதிப்பு வரலாறே தருகிறது. புறநானூற்றில் 267, 268ஆம் பாடல்கள் கிடைக்கவில்லை. வேறு பல பாடல்களில் அடிகள் சிதைந்துள்ளன. உ.வே.சா. 1894இல் அந்நூலைப் பதிப்பித்தார். சிதைந்த இடங்களை நிரப்பிப் பாடும் புலமை அவருக்கு இல்லாமலா போயிற்று? புள்ளியிட்டு விட்டார். ஏட்டில் செல்லரித்த இடம் காலத்தின் இழப்பு. அதில் ஏடெழுதுவோன் தன் கற்பனையை நிரப்பினால் அது மோசடி. தேய்ந்த பிரதியின் கீறல் நம்மை ஏமாற்றுவதில்லை. இழப்பு இது என்று கண்ணுக்குத் தெரிகிறது. செருகிய சட்டகமோ மூலம் போலவே நடிக்கிறது.

இனிச் செய்ய வேண்டியது. ரிமோட்டை எடுங்கள். அமைப்புகளில் படம் என்ற பகுதிக்குச் செல்லுங்கள். படமுறை 'கேம்' என்றோ 'விவிட்' என்றோ 'டைனமிக்' என்றோ இருந்தால் 'ஃபிலிம்மேக்கர்' என மாற்றுங்கள். அது இல்லாத பெட்டியில் 'சினிமா' அல்லது 'மூவி' இருக்கும். பிறகு அசைவு தொடர்பான பகுதியில் சட்டகம் செருகும் வசதியை முற்றிலும் அணையுங்கள். விளையாட்டுக்கென நிழல் தூக்கும் வசதி இருந்தால் அதையும் அணையுங்கள். நிறச்சாயலை 'வார்ம்' என்பதில் வையுங்கள். முதல் இரண்டு நாள் திரை மஞ்சளாகத் தோன்றும். நீலத்துக்குப் பழகிய கண் மெல்லத் திரும்பும். பல பெட்டிகளில் ஒவ்வோர் இணைப்புக்கும் அமைப்பு தனித்தனி என்பதையும் மறவாதீர்கள். செட்டாப் பெட்டியில் சரி செய்தது வட்டு இயக்கியில் சரியாகியிராது. விளையாட்டுக் கருவி வைத்திருப்போர் அதற்கென ஓர் இணைப்பை ஒதுக்கிவிடுவது நலம். எச்டிஎம்ஐ 2.1 தரத்தில் 2017இல் வந்த ஏஎல்எல்எம் என்னும் வசதி, விளையாடும்போது மட்டும் அம்முறைக்கு மாறிப் பின் திரும்பும்படி பெட்டிக்குச் சொல்லும். கருவியும் பெட்டியும் இரண்டுமே அதை ஏற்பனவாக இருந்தால் அதை இயக்கிவையுங்கள்.

வீட்டளவில் இது ஐந்து நிமிட வேலை. நிறுவன அளவில் நம் கோரிக்கை இரண்டு. திரைப்படத்தைப் பாடமாக வைத்திருக்கும் கல்லூரித் துறைகளும், படம் திரையிடும் இலக்கிய அமைப்புகளும், திரையிடலுக்கு முன் பெட்டியின் படமுறையைச் சோதிப்பதை ஒலிபெருக்கியைச் சோதிப்பது போல் வழக்கமாக்க வேண்டும். தயாரிப்பாளர்களோ, சட்டகம் செருகும் வசதியை அணைத்த நிலையிலேயே பெட்டியை விற்க வேண்டும், வேண்டுவோர் இயக்கிக்கொள்ளட்டும். கம்பன் பதிப்புகளில் மிகைப்பாடல்களைத் தனியே பிரித்து அச்சிடுகிறோம். படிக்க விரும்புபவர் படிக்கலாம், ஆனால் அவை மிகை என்று தெரிந்துகொண்டு படிக்கலாம். ஏட்டுக்குச் செய்த இந்த மரியாதையைப் படச்சுருளுக்கும் கேட்கிறோம், அவ்வளவே.