டிராக்டருக்குப் பின்னால் நான்கு நிமிடம்

2023 அக்டோபரில் திருவண்ணாமலை மாவட்டத்திலுள்ள செங்கம் இரண்டு முறை செய்திகளில் அடிபட்டது. 15-ஆம் தேதி, கோயிலுக்குப் போய்விட்டுப் பெங்களூரு திரும்பிக்கொண்டிருந்த ஒரு குடும்பத்தின் காரும் லாரியும் மோதின. ஏழு பேர் இறந்தார்கள். அவர்களில் குழந்தைகளும் உண்டு. 23-ஆம் தேதி இரவு, அதே வட்டாரத்தில் அரசுப் பேருந்தும் டாடா சுமோவும் நேருக்கு நேர் மோதின. மறுபடியும் ஏழு பேர். அசாமிலிருந்து பிழைக்க வந்த தொழிலாளர்களும் அதில் இருந்தார்கள். பத்து நாளுக்குள், ஒரே சாலையில், பதினான்கு உயிர்.

அந்தச் சாலை தேசிய நெடுஞ்சாலை 77. கிருஷ்ணகிரியில் தொடங்கி ஊத்தங்கரை, சிங்காரப்பேட்டை, செங்கம், திருவண்ணாமலை, செஞ்சி வழியாகத் திண்டிவனத்தில் முடிகிறது. பெங்களூரிலிருந்து அண்ணாமலையாரைப் பார்க்க வருகிறவர்களுக்கும், அப்படியே புதுச்சேரிக்குப் போகிறவர்களுக்கும் இதுதான் வழி. தேசிய நெடுஞ்சாலைதான் என்றாலும் பெரும்பகுதி இருவழிச் சாலை. நடுவே தடுப்புச் சுவர் கிடையாது. எதிரெதிரே பாய்ந்து வரும் இரண்டு வண்டிகளைப் பிரிப்பது தார்மேல் இழுத்த ஒரு கோடு மட்டுமே.

இந்தச் சாலையை அகலப்படுத்தும் வேலை பாதியில் நின்று ஆண்டுக்கணக்கில் இழுத்தது மாவட்டத்துக்கே தெரிந்த கதை. அப்போது குழியில் விழுந்து இருசக்கர வாகனக்காரர்கள் செத்ததுண்டு. ஆனால் கார்கள் தொண்ணூறில் பறக்க வழியில்லை. இப்போது சாலை வழவழவென்று இருக்கிறது. வேகம் கூடிவிட்டது, தடுப்பு மட்டும் வரவில்லை. சாலை நன்றாக இருந்தால் விபத்து குறையும் என்று நம்புகிறவர்கள் செங்கம் பக்கம் ஒருமுறை போய்ப் பார்க்க வேண்டும்.

விபத்து என்றதும் நெரிசலான நகரம்தான் பலருக்கு நினைவுக்கு வரும். மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் கணக்கு வேறு மாதிரி. 2022-ஆம் ஆண்டில் இந்தியாவில் சாலை விபத்துகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர். அதில் 68 சதவீதம் கிராமப்புறப் பகுதிகளில் நடந்த மரணங்கள். தமிழ்நாட்டில் மட்டும் அந்த ஆண்டு 17,884 பேர். நகரத்தில் வண்டிகள் உரசிக்கொள்கின்றன, சண்டை வருகிறது. ஊர்களுக்கு நடுவே, ஆளில்லாத நீண்ட நேர்ச்சாலையில்தான் அதிகம் உயிர் போகிறது.

அந்த நேர்ச்சாலையில் செய்யக்கூடிய மிக ஆபத்தான காரியம், முன்னால் போகும் வண்டியை முந்துவது. அதற்கு எவ்வளவு இடம் வேண்டும் என்று ஓட்டுகிறவர்களிடம் கேட்டால் "நூறு, நூற்றைம்பது மீட்டர் போதும்" என்பார்கள். கணக்குப் போட்டுப் பார்க்கலாம். பேருந்து 60 கி.மீ. வேகத்தில் போகிறது, கார் 80-இல் முந்துகிறது. பேருந்தின் நீளம், காரின் நீளம், முன்னும் பின்னும் விடவேண்டிய இடைவெளி எல்லாம் சேர்த்துப் பேருந்தைவிடக் கூடுதலாக சுமார் 55 மீட்டர் கடந்தாக வேண்டும். இரண்டுக்கும் வேக வித்தியாசம் வெறும் 20 கி.மீ.; அதனால் அந்த 55 மீட்டருக்குப் பத்து விநாடி ஆகும். அந்தப் பத்து விநாடியும் கார் இருப்பது அடுத்தவன் பாதையில். அதற்குள் அது 220 மீட்டர் ஓடியிருக்கும். எதிரே 80-இல் வருகிறவனும் 220 மீட்டர் நெருங்கியிருப்பான். ஆக, கிட்டத்தட்ட அரை கிலோமீட்டர் தூரத்துக்குச் சாலை காலியாக இருந்தால்தான் இது நடக்கும். சாலைப் பொறியாளர்களின் அமைப்பான இந்தியச் சாலைகள் காங்கிரஸ் 80 கி.மீ. வேகத்துக்கு வகுத்திருக்கும் முந்துதல் பார்வைத் தூரம் 470 மீட்டர். பொறியாளர்கள் சும்மா எழுதி வைக்கவில்லை.

சட்டத்துக்கு உட்பட்டு ஓட்டுகிறவருக்கு நிலைமை இன்னும் வேடிக்கை. மத்திய அரசின் 2018 அறிவிக்கை இத்தகைய சாலையில் காருக்கு 70, பேருந்துக்கும் லாரிக்கும் 60 என்று உச்ச வேகத்தை வகுத்தது. வித்தியாசம் பத்தே கிலோமீட்டர். 70-இல் போய் 60-இல் போகும் பேருந்தை முந்த இருபது விநாடி பிடிக்கும். எதிர் வண்டியையும் சேர்த்தால் முக்கால் கிலோமீட்டருக்கு மேல் காலி இடம் வேண்டும். இவ்வளவு பாடுபட்டு என்ன லாபம்? திருவண்ணாமலையிலிருந்து செங்கம் சுமார் 35 கி.மீ. பேருந்தின் பின்னாலேயே போனால் 35 நிமிடம். முந்திக்கொண்டு போனால் 30. செங்கத்தில் டீக்கு நிறுத்தும் நேரத்தைவிட அந்த ஐந்து நிமிடம் குறைவு.

"பஸ் சரி சார், டிராக்டர் பின்னால எப்படிப் போறது?" என்று எந்த டிராவல்ஸ் ஓட்டுநரும் கேட்பார். நியாயமான கேள்விதான். கரும்பு வெட்டு நடக்கும் மாதங்களில் செய்யாறு ஆலைக்கும் மூங்கில்துறைப்பட்டு ஆலைக்கும் போகும் டிரெய்லர்கள் இந்த மாவட்டத்துச் சாலைகளை நிறைத்துவிடும். இரவில் அவற்றின் பின்புறத்தைக் கிட்டத்தில் பார்த்தவர்களுக்குத் தெரியும்: சிவப்பு விளக்கு இருந்தாலும் கரும்பின் தோகைக்குள் அமுங்கிக் கிடக்கும், ஒளிர் பட்டைமேல் சேறு, பெட்டிக்கு வெளியே இருபுறமும் இரண்டடிக்கு நீட்டிக்கொண்டிருக்கும் கரும்புக் கட்டு. அகலம் எங்கே முடிகிறது என்று டிராக்டர் ஓட்டுகிறவருக்கே தெரியாது. பின்னால் வரும் மோட்டார் சைக்கிள்காரர் அதை உணர்வது பல நேரம் தலையில் பட்ட பிறகுதான்.

அந்த டிராக்டர் 25 கி.மீ. வேகத்தில் போகிறது என்றே வைத்துக்கொள்வோம். மூன்று கிலோமீட்டர் தூரம் பொறுமையாகப் பின்னால் போனால் ஏழு நிமிடம். 60-இல் போயிருந்தால் மூன்று நிமிடம். இழப்பு நான்கு நிமிடம். திருவண்ணாமலையில் 14 கிலோமீட்டர் கிரிவலப் பாதையை வெறுங்காலில் சுற்றி, தரிசனத்துக்கு மணிக்கணக்கில் வரிசையில் நின்ற அதே மனிதர், வண்டியில் ஏறியதும் அந்த நான்கு நிமிடத்தைத் தாங்க முடியாமல் தவிக்கிறார். அவசரத்தில் அண்டாவிலும் கை நுழையாது என்பார்கள். இவர் இரண்டு வண்டிகளுக்கு நடுவே காரையே நுழைக்கப் பார்க்கிறார்.

சாலை விவசாயிக்குக் களமாகவும் இருக்கிறது. மல்லாட்டையும் கேழ்வரகும் கொள்ளும் தார்மேல் காய்கின்றன. கேழ்வரகின்மேல் வண்டி ஏறினால் கதிர் அடிக்கும் கூலி மிச்சம். சாலையின் பாதியை இப்படி அடைப்பதற்கு ஓரத்தில் கல் வைக்கிறார்கள். சாயங்காலம் தானியத்தை அள்ளிக்கொண்டு போவார்கள், கற்கள் அங்கேயே கிடக்கும். இருட்டிய பிறகு வருகிறவருக்கு அவை தெரிவது சக்கரம் ஏறும்போதுதான். ஊராட்சிகள் உலர் களங்களைப் போதிய அளவில் கட்டிக்கொடுக்காமல் விவசாயியை மட்டும் திட்டுவதில் அர்த்தமில்லை. ஆனால் அந்தக் கற்களை எடுத்து ஓரமாகப் போடுவதற்கு அரசுத் திட்டம் எதுவும் தேவையில்லை.

இருட்டு என்றதும் விளக்கைப் பற்றிச் சொல்ல வேண்டும். டிம் லைட்டில் தெளிவாகத் தெரிவது நாற்பது, ஐம்பது மீட்டர். 80-இல் போகும் வண்டியை நிறுத்தத் தேவையான தூரம் 120 மீட்டர். அதாவது டிம்மில் 80-இல் போகிறவர், கண்ணுக்குத் தெரியாத இடத்தை நோக்கி வண்டியை விட்டுக்கொண்டிருக்கிறார். பிரைட்டில் போட்டால் எதிரே வருகிறவர் குருடாகிறார். எதிர் வண்டி கண்ணில் பட்டதும் டிம் செய்துவிட்டு, வேகத்தையும் குறைப்பதைத் தவிர வேறு வழி கிடையாது. முதலாவதைப் பலர் செய்கிறார்கள். இரண்டாவதைச் செய்பவர்கள் அபூர்வம். லைட் அடிப்பதிலும் ஒரு குழப்பம் உண்டு. பிரிட்டனில் எதிரே வருகிறவர் லைட் அடித்தால் "நீங்கள் போங்கள்" என்று எடுத்துக்கொள்வது வழக்கம். நம் ஊரில் "நான் வருகிறேன், நீ ஒதுங்கு". ரமணாசிரமத்துக்கு வந்து ஸ்கூட்டரை வாடகைக்கு எடுக்கும் வெளிநாட்டுக்காரர்களுக்கு இதை முதலிலேயே யாராவது சொல்லிக்கொடுத்தால் நல்லது.

இவை எல்லா மாவட்டங்களுக்கும் பொது. திருவண்ணாமலைக்கென்று தனியாக ஒரு ஆபத்து இருக்கிறது: பௌர்ணமி.

மாதந்தோறும் அந்த ஓர் இரவில் லட்சக்கணக்கானவர்கள் ஊருக்குள் வருகிறார்கள். கிரிவலம் முடிக்க நான்கைந்து மணி நேரம் ஆகும். பகலெல்லாம் வேலை பார்த்துவிட்டு மாலையில் கிளம்பி வந்து, இரவு முழுக்க நடந்து, மூன்று மணிக்கு வண்டியை எடுக்கிறார்கள். சொந்தக் காரில் வந்தவர் என்றால் ஓட்டுகிறவரும் நடந்திருப்பார். வாடகை வேன் என்றால் ஓட்டுநர் நடக்கவில்லை, தூங்கவும் இல்லை, கண்ணாடியை இறக்கினால் கொசு, ஏற்றினால் புழுக்கம், நடுவே "அண்ணே, வண்டி எங்க நிக்குது?" என்று பத்து போன்.

"சார், ஒரு மணி நேரம் கண்ணசந்துட்டுக் கிளம்பலாமா?"

"பத்து மணிக்கு ஆபீஸ் போகணும்ணே. வழியில ஒரு டீ அடிச்சா சரியாப் போயிடும்."

சரியாகப் போகாது. இரவு இரண்டிலிருந்து ஐந்து மணிவரை உடம்பு தூக்கத்துக்கு இழுக்கும் நேரம். டீ அதைச் சற்றுத் தள்ளிப்போடும், அவ்வளவுதான். 70 கி.மீ. வேகத்தில் மூன்று விநாடி கண்ணசந்தால் வண்டி 58 மீட்டர் தானாக ஓடியிருக்கும். நடுவில் தடுப்பு இருக்கும் நான்குவழிச் சாலையில் அந்த 58 மீட்டர் தடுப்பில் உரசுவதோடு தீர வாய்ப்புண்டு. இருவழிச் சாலையில் வலதுபுறம் சாய்ந்தால் லாரி, இடதுபுறம் சாய்ந்தால் புளியமரம். ஆகவே வாடகைக்கு வண்டி பேசும்போதே "விடிந்த பிறகு கிளம்புவோம்" என்று பேசிக்கொள்வதுதான் முறை. ஒரு நாள் வாடகை கூடும் என்பது உண்மை. குடும்பத்தில் ஒருவர் ஓட்டுவதாக இருந்தால், அவர் அந்த முறை மலை சுற்றாமல் அறையில் தூங்கட்டும். அண்ணாமலையார் கோபித்துக்கொள்ள மாட்டார்.

ஓட்டாமல் வரவும் வழி இருக்கிறது. சென்னை கடற்கரையிலிருந்து வேலூர் கண்டோன்மென்ட் வரை ஓடிய ரயில் 2024 மே மாதம் முதல் திருவண்ணாமலை வரை நீண்டிருக்கிறது. சென்னைக்காரர்களுக்குக் காரை எடுக்காமல் இருக்க நல்ல காரணம் அது. பெங்களூருக்காரர்களுக்கு அவ்வளவு வசதி இல்லை. காட்பாடி சுற்றித்தான் வர வேண்டும். திண்டிவனம்–திருவண்ணாமலை புதிய பாதையோ, அறிவித்துப் பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாகியும் இன்னும் வந்து சேரவில்லை.

விபத்து நடக்கும்போதெல்லாம் எழும் கோரிக்கை, "நான்குவழிச் சாலையாக்கு". ஆக்கலாம். நிலம் எடுக்க வேண்டும், மரம் வெட்ட வேண்டும், வழக்கு நடக்கும், பத்து ஆண்டு போகும். வேலூர் சாலை, விழுப்புரம் சாலை, அவலூர்ப்பேட்டை சாலை, மணலூர்ப்பேட்டை சாலை, தண்டராம்பட்டு சாலை என்று ஊரைச் சுற்றிப் பிரியும் எல்லாவற்றையும் நான்குவழியாக்க முடியாது. அதுவரை? 1990-களின் இறுதியில் சுவீடன் தன் அகலமான இருவழிச் சாலைகளை மூன்று தடங்களாக்கி, நடுவே இரும்புக் கம்பி வடத்தால் தடுப்புப் போட்டது. முந்தும் தடம் சில கிலோமீட்டருக்கு ஒருமுறை இந்தப் பக்கத்துக்கும் அந்தப் பக்கத்துக்கும் மாறி மாறி வரும். நேருக்கு நேர் மோதல் ஏறக்குறைய ஒழிந்தது, இறப்புகள் பெருமளவு குறைந்தன. பிரான்ஸ் 2018 ஜூலை 1 முதல், நடுத்தடுப்பில்லாத சாலைகளில் உச்ச வேகத்தை 90-இலிருந்து 80 ஆக்கியது. மக்கள் கொதித்தார்கள், வேகக் கேமராக்களை உடைத்தார்கள், பிறகு சில மாவட்டங்கள் பழைய வேகத்துக்கே திரும்பின. வேகத்தைக் குறைக்கச் சொன்னால் எந்த நாட்டு மக்களுக்கும் கோபம்தான் வருகிறது.

நம் சாலைகளின் அகலம் சுவீடன் முறைக்கு எல்லா இடத்திலும் போதாது. ஆனால் புறம்போக்கு நிலம் இருக்கும் இடங்களில் பத்துக் கிலோமீட்டருக்கு ஒரு முந்தும் தடம் அமைக்கலாம். "இன்னும் இரண்டு கிலோமீட்டரில் முந்தலாம்" என்று ஒரு பலகை இருந்தால், வளைவில் காரை வெளியே நீட்டிப் பார்க்கும் ஆசை பாதி குறையும். கிளைச்சாலைகள் வந்து சேரும் இடத்தில், கிளைச்சாலையின் பக்கம் வேகத்தடை வேண்டும். ஊர் எல்லைக்குள் இடைத்தடுப்பும் பேருந்து ஒதுங்கி நிற்க இடமும் வேண்டும். ஒளிர் பட்டை ஒட்டாத கரும்பு டிரெய்லரை ஆலை வாசலிலேயே நிறுத்தி ஒட்டிவிட்டால் நடுச்சாலையில் யாரும் தேட வேண்டியதில்லை.

இத்தனைக்குப் பிறகும் விபத்து நடந்தால், அடிபட்டவரைத் தூக்கத் தயங்குகிறவர்களுக்கு ஒன்று: 2019 திருத்தத்துக்குப் பிறகு மோட்டார் வாகனச் சட்டத்தின் 134-ஏ பிரிவு உதவுகிறவரைப் பாதுகாக்கிறது. 2021 டிசம்பர் 18 அன்று மேல்மருவத்தூரில் தொடங்கிய "இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48" திட்டத்தில் முதல் 48 மணி நேரச் சிகிச்சைக்கு அடிபட்டவரிடம் பணம் கேட்பதில்லை. அவர் எந்த மாநிலத்துக்காரர் என்றும் பார்ப்பதில்லை.

மறுபடி ஓட்டுநரின் தூக்கத்துக்கு வருவோம். பௌர்ணமிக்கும் கார்த்திகை தீபத்துக்கும் ஊருக்கு வெளியே, ஒவ்வொரு சாலையிலும் தற்காலிகப் பேருந்து நிலையங்களையும் கார் நிறுத்துமிடங்களையும் மாவட்ட நிர்வாகம் அமைக்கிறது. குடிநீர், கழிப்பறை, விளக்கு எல்லாம் பக்தர்களுக்கு உண்டு. அங்கேயே ஒரு ஓரத்தில் தகரக் கொட்டகை, கொசுவலை, விசிறி, ஐம்பது பாய் போட்டு, ஓட்டுநர்கள் மட்டும் படுக்கலாம் என்று ஒரு காவலரை நிறுத்தினால் செலவு பெரிதாக ஆகிவிடாது. அடுத்த பௌர்ணமிக்கு வண்டி நிறுத்த இடம் குறிக்கும் அதிகாரிகள் அந்த வரைபடத்திலேயே அதற்கும் ஒரு கட்டம் போட்டுவிடலாம்; செங்கம் சாலையிலிருந்து தொடங்கினால் இன்னும் நல்லது.