ஓட்டுநரில்லா டாக்சி: ஆதாயம் யாருக்கு?

ஓட்டுநரின்றி ஓடும் டாக்சி அடுத்து எந்த நகருக்கு வரும் என்ற கணிப்பு முதலாளித்துவ உலகில் மும்முரமாக நடக்கிறது. வேமோ நிறுவனம் 2020இல் அமெரிக்காவின் ஃபீனிக்ஸ் நகரில் இச்சேவையைப் பொதுமக்களுக்குத் திறந்தது. பின்னர் சான் பிரான்சிஸ்கோ, லாஸ் ஏஞ்சல்ஸ் நகரங்களுக்கும் விரிவாக்கியது. சீனாவின் வூஹானில் பைடு நிறுவனத்தின் டாக்சிகளால் வருவாய் சரிவதாக 2024இல் டாக்சித் துறையினர் முறையிட்டனர்.

கணிப்பதற்குச் சோதிடம் வேண்டியதில்லை. ஓட்டுநரின் கூலி எங்கே உயர்ந்திருக்கிறதோ, சட்டம் எங்கே வழிவிடுகிறதோ, அங்கே மூலதனம் முதலில் செல்லும். இந்தியாவில் ஓட்டுநரின் குறைந்த கூலியே இன்று அவருக்குக் கவசமாக இருப்பது எத்தகைய அவலம்! ஓட்டுநரில்லா வாகனங்களை அனுமதிக்கமாட்டோம் என்று 2017இலும் 2023இலும் ஒன்றிய அமைச்சர் நிதின் கட்கரி கூறினார். அமைச்சரின் வாக்கு தொழிலாளியின் உரிமை ஆகிவிடாது.

புணே அருகே, வாகன ஆலைகள் நிறைந்த சாகணை நினைவுகூர்வோம். 2013இல் அங்குள்ள பஜாஜ் ஆட்டோ தொழிலாளர்கள் ஐம்பது நாட்கள் வேலைநிறுத்தம் செய்தனர். நிறுவனப் பங்குகளை ஒரு ரூபாய் விலையில் தங்களுக்குத் தர வேண்டும் என்பது அவர்களது கோரிக்கைகளுள் ஒன்று. நிர்வாகம் அதனை ஏற்கவில்லை. ஆயினும், உழைப்பு பெருக்கிய செல்வத்தில் உழைப்பவருக்குப் பங்கு எங்கே என்ற அக்கேள்வி இன்னும் உயிரோடிருக்கிறது.

இயந்திரம் நமது பகையன்று. அது தரும் ஆதாயம் ஒரு சிலரின் பெட்டிக்குள் முடங்குவதே பகை. மாற்று வேலை, வருவாய்ப் பாதுகாப்பு, பொதுப் போக்குவரத்துக்கு முன்னுரிமை ஆகியவற்றைச் சட்டமாக்கும் போராட்டத்தில் ஓட்டுநரையும் ஆலைத் தொழிலாளியையும் இன்றே ஓரணியில் திரட்டுவோம்.