ஆட்டவிதி யாருடைமை?

நண்பர்கள் இணையவழியே கூடிப் பலகையாட்டம் ஆடும் வழக்கம் பற்றித் தமிழறிந்தோரிடையே இருவகைக் கூற்றுக்கள் வழங்குகின்றன. ஒன்று புலம்பல். திண்ணையில் நால்வர் முழங்கால் முட்ட இருந்து ஆடியதே ஆட்டம் என்றும், கண்ணாடித் திரையில் விரலால் தொட்டு நகர்த்துவது ஆட்டத்தின் ஆவியேயன்றி ஆட்டமன்று என்றும் அது கூறும். மற்றையது மெத்தனம். விளையாட்டுத்தானே, அதில் ஆராய என்ன உண்டு என்று கேட்டுவிட்டு, கையிலுள்ள செயலியை அது திறந்துகொள்ளும். இவ்விரு கூற்றுக்களும் ஒன்றுக்கொன்று எதிரானவைபோலத் தோன்றினும், கேட்கவேண்டிய வினாவைக் கேளாது விடுவதில் ஒன்றுபடுகின்றன. முன்னையது திரையைப் பழிக்கின்றது. பின்னையது திரையை நம்புகின்றது. திரைக்குப் பின்னால் இருப்பவன் யார் என்பதை இரண்டும் நோக்கவில்லை.

புலம்பலை முதலில் எடுத்துக்கொள்ளலாம். நேரிற் காணாத இருவர் ஒரு பலகையில் ஆடுவது இணையம் ஈன்ற புதுமை என்று கொள்வது வரலாற்றறியாமை. 1824ஆம் ஆண்டு தொடக்கம் 1828ஆம் ஆண்டுவரை லண்டன், எடின்பரோ ஆகிய இரு நகரங்களின் சதுரங்கக் கழகங்கள் தபால்வழியே பொருதின. ஒரு காய் நகர்ந்த செய்தி குதிரை பூட்டிய தபால் வண்டியிற் சென்று மீளப் பல நாட்கள் பிடித்தன. ஈற்றில் எடின்பரோ வென்றது. அன்று அந்நகரத்தார் கையாண்ட தொடக்கமுறை இன்றும் ஸ்கொட்லாந்தின் பெயராலேயே வழங்குகின்றது. தந்தி வந்தபோது சதுரங்கம் தந்தியிலேறிற்று. 1897இல் பிரித்தானியப் பொதுமக்கள் சபையினரும் ஐக்கிய அமெரிக்கப் பிரதிநிதிகள் சபையினரும் அத்லாந்திக் சமுத்திரத்தின் அடியிற் கிடந்த கம்பிவழியே ஆடிச் சமநிலையில் முடித்தனர். 1945 செப்டெம்பரில், உலகப் போர் ஓய்ந்த அதே நாட்களில், மொஸ்கோவிலும் நியூயோர்க்கிலும் இருந்தவர்கள் வானொலி மூலம் ஆடினர். சோவியத் அணி 15½க்கு 4½ என்ற கணக்கில் வென்றது. 1965இல் ஹவானாவில் நடந்த போட்டிக்குச் செல்ல அமெரிக்க அரசு இசைவளிக்காமையால் பொபி பிஷர் நியூயோர்க்கிலுள்ள ஒரு சதுரங்கக் கழகத்தில் இருந்தவாறே தொலையச்சு மூலம் தம் நகர்வுகளை அனுப்பினார். அரசுகள் பூட்டிய கதவைப் பலகை திறந்த கதை இது. இவற்றுள் எதனையும் ஆட்டத்தின் ஆவி என்று எவரும் கூறியதில்லை.

1983இன் பின்னர் உலகெங்கும் சிதறுண்ட ஒரு சமூகத்தின் முன்னே நின்று, முழங்கால் முட்ட இருந்தால் மட்டுமே நட்பு என்று உரைப்பது கொடுமையுமாகும். ஒரு வகுப்பிற் பயின்ற நால்வருள் ஒருவர் ரொரன்ரோவிலும் ஒருவர் பாரிசிலும் ஒருவர் மெல்பேணிலும் எஞ்சியவர் வவுனியாவிலும் வாழ நேர்ந்தபின், அவர்கள் எந்தத் திண்ணையிற் கூடுவது? தொலைபேசியில் நலம் விசாரித்து முடிக்கப் பத்து நிமிடம் போதும். அதன்மேல் பேசுவதற்கு எதுவுமற்ற மௌனம் வந்துவிடும். பலகையொன்று நடுவே இருப்பின் பேசவேண்டிய கட்டாயமின்றி இரண்டு மணிநேரம் உடனிருக்கலாம். ஆட்டத்தின் பெரும்பயன் வெற்றியன்று, இவ்வுடனிருப்பே. 2020 மார்ச்சில் ஊரடங்குச் சட்டம் வந்து பல்கலைக்கழகங்கள் மூடப்பட்டபோது, விடுதி அறைகளிலிருந்து வீடுகளுக்கு அனுப்பப்பட்ட மாணவர்கள் இதனை ஒருவரும் கற்பிக்காமலே கண்டுகொண்டனர். (2022 மார்ச் இறுதியில் மின்வெட்டு நாளொன்றுக்கு 13 மணிநேரத்தை எட்டியபோது மெழுகுதிரி வெளிச்சத்தில் கரம் பலகைகள் மீண்டும் தூசி தட்டப்பட்டன என்பதையும் சேர்த்தே சொல்லவேண்டும். திரையை மட்டும் நம்பியிருப்போருக்கு இது ஒரு பாடமே.)

ஆகவே தூரம் குற்றமன்று, திரையும் குற்றமன்று. குற்றம் வேறிடத்தில் உள்ளது.

தாயம் ஆடுவோர் அனைவரும் அறிந்த ஒன்றுண்டு. ஆட்டம் தொடங்குமுன் ஒரு வாக்குவாதம் நடைபெறும். ஒரு காயையேனும் வெட்டாமல் உட்கட்டத்துக்குள் நுழையலாமா? வெட்டியவனுக்கு மறு எறிவு உண்டா? ஒருவனுடைய இரு காய்கள் ஒரே கட்டத்தில் நிற்பின் அவற்றை வெட்டலாமா? இவற்றுக்கு ஊருக்கொரு விடையும், சில வேளைகளில் வீட்டுக்கொரு விடையும் உண்டு. புளியங்கொட்டை உருட்டுவோர் கணக்கு ஒன்று, சோகி எறிவோர் கணக்கு மற்றொன்று. கூடியிருப்போர் பேசி, உரத்துப் பேசி, ஒரு முடிவுக்கு வருவர். நடுவில் ஒருவன் அளாப்புவான். அவனைப் பிடித்து வைத்து விதியை நினைவூட்டுவதும் ஆட்டத்தின் ஒரு கூறே. அதாவது, ஆடுவோர் தாமே சட்டசபையாகவும் தாமே நீதிமன்றாகவும் இருந்தனர். 1909இல் வெளிவந்த 'புராதன இலங்கை' என்னும் நூலில் ஹென்றி பாக்கர் இந்நாட்டுக் கிராமங்களிற் கண்ட உள்ளக விளையாட்டுக்களைப் பதிவு செய்துள்ளார். பல்லாங்குழியின் உடன்பிறப்பான ஒலிந்தப் பலகை ஒன்றிலேயே ஆடப்பட்ட ஆட்டங்கள் பலவற்றை வெவ்வேறு பெயர்களுடன் அவர் விவரிக்கின்றமை நோக்கத்தக்கது. பலகை ஒன்று, விதிகள் பல என்பதே நாட்டார் ஆட்டத்தின் இயல்பு.

செயலியில் இந்த வாக்குவாதத்துக்கு இடமில்லை. விதி முன்னரே எழுதப்பட்டுவிட்டது. எழுதியவர் கண்ணிற் படார். தவறாக நகர்த்த முயன்றால் காய் நகராது, காரணமும் சொல்லப்படாது. இதனை வசதி என்று மெத்தனக்காரர் மெச்சுவர். சண்டையில்லை, அளாப்பலில்லை, புதியவரும் உடனே ஆடலாம் என்பர். இவ்வாதத்தில் உண்மை இல்லாமலில்லை. ஆயின் அந்த வசதிக்குக் கொடுக்கப்படும் விலை, விதி செய்யும் உரிமை ஆடுவோர் கையிலிருந்து கம்பனியின் கைக்கு மாறுவதாகும். நண்பர் நால்வர் தம் ஆட்டத்தைத் தாம் மாற்றிக்கொள்ள முடியாத நிலையில், அவர்கள் ஆட்டக்காரர் என்ற தகுதியை இழந்து நுகர்வோர் ஆகின்றனர்.

லூடோ இதற்குத் தக்க சான்று. இந்தியாவின் பச்சீசி இருவர் இருவராக அணிசேர்ந்து ஆடும் ஆட்டம். சோகி எறிந்து, கூட்டாளியின் காயையும் எண்ணி ஆடவேண்டும். 1896இல் இங்கிலாந்தில் காப்புரிமை பெற்ற லூடோ அதனைக் குழந்தைகளுக்கெனச் சுருக்கியது. சோகி போய்க் கனசதுரக் காய் வந்தது. கூட்டாளி போய்த் தனியொருவன் வந்தான். குடியேற்ற ஆட்சி இச்சுருக்கத்தைப் பெட்டியில் அடைத்து மூலத்தின் நாட்டுக்கே விற்றது. 2016இல் மும்பைக் கம்பனியொன்று வெளியிட்ட லூடோ கிங் என்னும் செயலி, அச்சுருக்கத்தையே கோடிக்கணக்கான கைத்தொலைபேசிகளிற் குடியேற்றிற்று. இன்று தாயத்தின் பெயரைக்கூட அறியாத தமிழ்ச் சிறுவன் லூடோவை அறிவான். அவனைக் குறைகூறிப் பயனில்லை. அவனுக்குக் கிடைத்தது அதுவே.

விதி மக்களிடமிருந்து பறிக்கப்படுவது கணினிக்கு முன்னரே தொடங்கிவிட்டது என்பதையும் மறைத்தலாகாது. எலிசபெத் மகீ என்னும் அமெரிக்கப் பெண்மணி 1904இல் காப்புரிமை பெற்ற 'நிலவுடைமையாளர் ஆட்டம்', நிலத்தைக் குவிப்பவன் ஏனையோரை எவ்வாறு வறியராக்குகிறான் என்று காட்டவே ஆக்கப்பட்டது. பொருளியலறிஞர் ஹென்றி ஜோர்ஜின் நிலவரிக் கொள்கையை விளக்குவது அவர் நோக்கம். அவ்வாட்டத்தைப் பரப்பியோருள் பென்சில்வேனியாப் பல்கலைக்கழகத்தின் விரிவுரையாளரும் மாணவரும் இருந்தனர் என்பது இவ்விதழின் வாசகர் மனங்கொள்ளத்தக்கது. துணியிலும் பலகையிலும் கையால் வரைந்து, தத்தம் ஊர்த் தெருக்களின் பெயர்களை இட்டு, விதிகளைத் திருத்தித் திருத்தி மூன்று தசாப்தங்கள் மக்கள் அதனை ஆடினர். அத்லாந்திக் சிற்றியில் வழங்கிய ஒரு வடிவத்தைச் சார்ள்ஸ் டரோ என்பவர் தமது கண்டுபிடிப்பென்று விற்க, பார்க்கர் பிறதர்ஸ் கம்பனி 1935இல் அதனை 'மொனோப்பொலி' என வெளியிட்டது. மகீயின் காப்புரிமைக்குக் கொடுக்கப்பட்ட தொகை 500 டொலர். ஏகபோகத்தைக் கண்டிக்கப் பிறந்த ஆட்டம் ஏகபோகமாயிற்று; பெயரும் பொருத்தமாகவே அமைந்தது.

இணையத்தில் இதே கதை விரைந்து நடந்தது. கல்கத்தாவைச் சேர்ந்த அகர்வாலா சகோதரர் இருவர் ஸ்கிரபிள் ஆட்டத்தைத் தழுவி ஆக்கிய 'ஸ்கிரபுலஸ்' 2007இல் பேஸ்புக்கில் வந்தது. பிரிந்திருந்த நண்பரும் உறவினரும் நாளுக்கொரு சொல் வைத்து ஆடத் தொடங்கினர். ஸ்கிரபிளின் உரிமை வட அமெரிக்காவில் ஹாஸ்ப்ரோவிடமும் ஏனைய நாடுகளில் மற்றெலிடமும் இருந்தது. 2008 யூலையில் ஹாஸ்ப்ரோ வழக்குத் தொடுத்ததும் ஐக்கிய அமெரிக்காவிலும் கனடாவிலும் ஆட்டம் நிறுத்தப்பட்டது. பாதியில் நின்ற ஆட்டங்கள் பாதியிலேயே நின்றன. ஆடியவர்களை எவரும் கேட்கவில்லை. அதே ஆண்டு டில்லி உயர் நீதிமன்றம் வணிகச் சின்னத்தின் பேரில் மற்றெலுக்குச் சார்பாகத் தீர்த்தபோதும், ஆட்டத்தின் விதிகளில் பதிப்புரிமை கோர இயலாது என்று கொண்டமை முக்கியமானது. சட்டத்தின்படியும் விதி எவருக்கும் தனியுடைமையன்று; பறிபோவது சட்டத்தாலன்று, பழக்கத்தால். (ஸ்கிரபிள் பலகையில் 225 கட்டங்கள், தமிழெழுத்துக்கள் 247. அவ்வாட்டத்தை அப்படியே தமிழுக்குக் கொண்டுவர முயல்வோர் முதற்படியிலேயே விதியைப் புதிதாகச் சிந்திக்க வேண்டியவராவர்.)

அறிவுலகத்தார் இதிற் குற்றமற்றவர் அல்லர். 1992இல் தோன்றிய இணையச் சதுரங்க நிலையம் தன்னார்வலரின் உழைப்பால் வளர்ந்தது. அதனைப் பொறுப்பேற்று மேம்படுத்தியவர் டானியல் ஸ்லீற்றர் என்னும் பல்கலைக்கழகப் பேராசிரியர். 1995இல் அவர் அதனைக் கட்டண நிறுவனமாக்கினார். அவரது உழைப்பு பெரிதே. ஆயின் அங்கு ஆடியும் எழுதியும் திருத்தியும் உழைத்த பலர், பொதுவென்று நம்பியது ஒருவருடைய வியாபாரமானதைக் கண்டு வெகுண்டு, அதே ஆண்டில் இலவச நிலையமொன்றை நிறுவினர். 2010இல் பிரான்சில் தொடங்கிய 'போர்ட் கேம் அரீனா' என்னும் தளத்திலும் ஆட்டங்கள் பலவற்றை நிரலாக்கியோர் ஆர்வலரே. 2021இல் அதனை அஸ்மோடே வாங்கிற்று. அஸ்மோடேயைச் சுவீடனின் எம்பிரேசர் வாங்கிற்று. 2024இல் எம்பிரேசர், பிரிந்து செல்லவிருந்த அஸ்மோடேயின் தலையில் 90 கோடி யூரோ கடனைச் சுமத்தித் தன் கடனைக் குறைத்துக்கொண்டது. நண்பர் நால்வர் சனி இரவு ஆடும் பலகை, அவர்கள் பெயரும் அறியாத வங்கிக் கணக்கொன்றின் ஈடாகிவிடக்கூடும் என்பதே இதன் பொருள்.

பணம் வைத்து ஆடுவதைத் தடுத்தால் போதும் என்பார் உளர். 2025 ஆகஸ்டில் இந்தியப் பாராளுமன்றம் இணையவழிப் பண ஆட்டங்களை, அவை திறமை சார்ந்தவையா அதிர்ஷ்டம் சார்ந்தவையா என்ற பேதமின்றித் தடைசெய்தது. குடும்பங்களைச் சீரழித்த சூது ஒடுக்கப்படுவது வேண்டத்தக்கதே. ஆயினும் பணம் வையாத ஆட்டத்திலும் ஆடுவோரின் நேரமும் கவனமும் விளம்பரகாரருக்கு விற்கப்படுவது தொடரும். நண்பன் பதிலளிக்கத் தாமதித்தால் உடனே முன்பின் அறியாத ஒருவரைக் கொண்டுவந்து எதிரே இருத்தும் ஏற்பாடும் தொடரும். காத்திருக்கும் வேளையிற் பேசிக்கொண்டிருந்த இருவருக்கு, காத்திருப்பே இல்லாமற் செய்யப்படுகின்றது.

வேறு வழியில்லை என்பது பொய். 2010இல் திபோ துப்ளெசி தொடங்கிய லிசெஸ் தளத்தில் விளம்பரமில்லை, கட்டணமில்லை. நன்கொடையாலேயே அது இயங்குகின்றது. அதன் மூலநிரலை எவரும் எடுத்து ஆராயலாம், மாற்றலாம், தாமே நடத்தலாம். பெருங் கம்பனிகளுக்கு நிகராக இலட்சக்கணக்கானோர் அங்கு ஆடுகின்றனர். விதிமாறிய சதுரங்க வகைகளுக்கும் அங்கு இடமுண்டு.

இந்நாட்டுத் தமிழ் மாணவருக்கு இது இயலாத காரியமன்று. பெருமூலதனம் வேண்டியதில்லை. தாயத்தையும் நாயும் புலியும் ஆட்டத்தையும் ஊர் ஊராகச் சென்று, விதி வேறுபாடுகளுடன் பதிவு செய்வது நாட்டாரியல் பயிலும் மாணவரின் களவேலைக்கு உரியது. அவ்விதிகளை நிரலாக்குவது கணினித் துறை மாணவரின் இறுதியாண்டு ஆய்வுக்கு அடங்கும். இவ்விரு துறையினரும் பெரும்பாலும் ஒரே வளாகத்தில், ஒரே சிற்றுண்டிச்சாலையில் தேநீர் அருந்துகின்றனர். ஒருவர் மற்றவருடன் பேசுவதில்லை என்பதே குறை. விதிகளை அறிந்த முதியோர் பலர் எண்பதைக் கடந்துவிட்டனர். ஆகவே முதலில் நடக்கவேண்டியது களவேலை. நிரலுக்கு ஒரேயொரு நிபந்தனை விதித்தாற் போதும்: திறந்தவுடன் அது தன் விதியைத் திணிக்காது, 'வெட்டாமல் உள்ளே போகலாமா?' என்று ஆடுவோரைக் கேட்கவேண்டும். நான்கு ஊர்களிலிருக்கும் நால்வரும் பேசி முடிக்கும்வரை முதற்காயை இறக்க விடாது காத்திருக்கவேண்டும்.