கடலுக்கு அடியில் அணுகுண்டு: இனி ஏன் அவசரம்?

காணைக்குக் கடல் கிடையாது. கடல் பார்க்க வேண்டும் என்றால் பஸ் ஏறி மரக்காணம் போக வேண்டும். ஆனாலும், 2024-ம் ஆண்டு நவம்பர் 27-ந்தேதி வங்கக் கடலில் நடந்த சமாசாரம், காணை கடைத்தெருவில் மளிகைக்கடை வைத்திருப்பவருக்கும் சம்பந்தப்பட்டதுதான்.

அன்று "அரிகாத்" என்ற நீர்மூழ்கிக் கப்பல் தண்ணீருக்குள் இருந்தபடியே ஒரு ராக்கெட்டை விட்டது. அதன் பெயர் "கே-4". 3 ஆயிரத்து 500 கிலோ மீட்டர் பாயக் கூடியது. கப்பலுக்குள் இருந்து முதலில் வாயு அழுத்தத்தில் ராக்கெட்டை மேலே தள்ளுகிறார்கள். தண்ணீரைப் பிளந்துகொண்டு வெளியே வந்த பிறகுதான் அது நெருப்பைக் கக்கிக்கொண்டு கிளம்புகிறது. அன்று நடந்தது சோதனை. சண்டை என்று வந்தால் அதன் மூக்கில் அணுகுண்டு இருக்கும்!

"போடவே கூடாத குண்டுக்கு இத்தனை பெரிய கப்பலா? இந்தக் காசில் எத்தனை ரோடு போடலாம்?" என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். கேட்க வேண்டிய கேள்விதான். அதற்குப் பதில் உண்டு. ஆனால் அந்தப் பதிலோடு ஒரு நிபந்தனையும் சேர்ந்து வருகிறது.

கல்லாப் பணம்

ராத்திரி கடையைப் பூட்டிவிட்டு வீட்டுக்குப் போகிறவர் கல்லாவில் பணத்தை வைத்துவிட்டுப் போவதில்லை. திருடன் முதலில் உடைப்பது கல்லாவைத்தான்.

தரையில் நிற்கும் ராக்கெட்டும், விமான தளத்தில் இருக்கும் குண்டு விமானமும் கல்லாப் பணம் மாதிரி. எங்கே இருக்கிறது என்று எதிரிக்குத் தெரியும். மேலே சுற்றுகிற செயற்கைக் கோள் படம் பிடித்துக் கொடுத்துவிடும். "ஒரே அடியில் எல்லாவற்றையும் நொறுக்கிவிட்டால் இவன் என்ன செய்வான்?" என்று எதிரி கணக்குப் போடலாம்.

கடலுக்கு அடியில் கிடப்பதை அவன் எங்கே போய்த் தேடுவான்? ஊரையே அழித்தாலும் தண்ணீருக்குள் இருந்து திருப்பி அடி விழும் என்று தெரிந்தால், கை தானாகவே பின்னுக்குப் போகும். அமெரிக்கா 1960-ம் ஆண்டிலேயே இந்த வேலையைத் தொடங்கிவிட்டது. ரஷியா, இங்கிலாந்து, பிரான்ஸ், சீனா என்று மற்ற நாடுகள் பின்னால் வந்தன.

கண்ணுக்குத் தெரியாத கப்பல் என்றால் எப்படிப்பட்ட பயம் என்று பழைய மெட்ராஸ்காரர்களைக் கேட்டால் சொல்லியிருப்பார்கள். 1914-ம் ஆண்டு செப்டம்பர் 22-ந்தேதி ராத்திரி, ஜெர்மனியின் "எம்டன்" கப்பல் மெட்ராஸ் துறைமுகத்தைச் சுட்டது. பர்மா கம்பெனியின் எண்ணெய் டாங்கிகள் பற்றி எரிந்தன. சுட்டுவிட்டு இருட்டோடு இருட்டாகக் கம்பி நீட்டிவிட்டது. எம்டன் நீர்மூழ்கி அல்ல. மேலே மிதக்கிற கப்பல்தான். ஆனால் அடுத்தபடியாக எங்கே தலைகாட்டும் என்று யாருக்கும் தெரியவில்லை. ஜனங்கள் பட்டணத்தைக் காலி செய்துகொண்டு ஓடினார்கள். ஒரே ஒரு கப்பலுக்கு! கெட்டிக்கார ஆளைச் "சரியான எம்டன்" என்று சொல்கிறார்களே, அது அந்தப் பயத்தில் பிறந்த வார்த்தை.

தமிழ்நாட்டின் பங்கு

டீசலில் ஓடும் நீர்மூழ்கி சில நாளைக்கு ஒரு தடவையாவது காற்று வாங்க மேலே வர வேண்டும். வந்தால் மாட்டிக்கொள்ளும். அணு உலையில் ஓடும் கப்பலுக்கு அந்தத் தொல்லை கிடையாது. சாப்பாடு தீருகிற வரை மாதக் கணக்கில் உள்ளேயே கிடக்கலாம்.

அந்த உலையை முதலில் தரையில் கட்டி ஓட்டிப் பார்த்த இடம் கல்பாக்கம். விழுப்புரத்தில் இருந்து நூறு கிலோ மீட்டர் சொச்சம்! கப்பல் வயிற்றுக்குள் அடங்குகிற அளவுக்குச் சின்ன உலை. 2006-ம் ஆண்டே அது முழு அளவில் ஓடத் தொடங்கிவிட்டது. ஊருக்குச் சொன்னதோ 2009 ஆகஸ்டு மாதத்தில்தான்.

அதற்குச் சில நாள் முன்பு, ஜூலை 26-ந்தேதி, முதல் கப்பலான "அரிஹந்த்" விசாகப்பட்டினத்தில் தண்ணீரில் இறங்கியது. அப்போது பிரதமராக இருந்த மன்மோகன்சிங்கின் மனைவி குர்சரண் கவுர் தேங்காய் உடைத்தார். 2016-ல் கடற்படையில் சேர்ந்தது. அது தன் முதல் காவல் சுற்றை முடித்துவிட்டதாகப் பிரதமர் மோடி 2018 நவம்பரில் அறிவித்தார். அரிஹந்தில் இருக்கும் "கே-15" ராக்கெட் 750 கிலோ மீட்டர்தான் போகும். எதிரி வாசல் வரை போய் நின்றால்தான் அதனால் பலன். கே-4 வந்த பிறகு வங்கக் கடலிலேயே இருந்துகொண்டு சீனாவையும் எட்டலாம்.

சரி, கடலுக்கு அடியில் இருப்பவருக்கு உத்தரவு எப்படிப் போகும்? சாதாரண ரேடியோ அலை கடல் தண்ணீரில் உள்ளே இறங்காது. மிகமிகக் குறைந்த அதிர்வு அலைதான் கொஞ்ச தூரம் இறங்கும். அதை அனுப்புகிற நிலையம் திருநெல்வேலி மாவட்டம் விஜயநாராயணத்தில் 1990-ம் ஆண்டு முதல் இருக்கிறது. பெயர் "ஐ.என்.எஸ். கட்டபொம்மன்". பேச்செல்லாம் போகாது. தந்தி அடிப்பதுபோல் சில எழுத்துகள்தான் போகும். கப்பல் கேட்டுக்கொள்ளும், அந்த வழியில் பதில் பேசாது. இதேபோல் இன்னொரு நிலையத்துக்குத் தெலுங்கானாவில் 2024 அக்டோபரில் அடிக்கல் நாட்டியிருக்கிறார்கள்.

ஓங்கிய கை

இனிமேல்தான் முக்கியமான விஷயம்.

அணு ஆயுதம் தரையில் மட்டும் இருந்தால் பிரதமருக்கு யோசிக்க நேரம் கிடையாது. பாகிஸ்தானில் இருந்து கிளம்பும் ராக்கெட் டெல்லிக்கு வரச் சில நிமிஷம் போதும். "உடனே விடுங்கள், இல்லாவிட்டால் நம்முடையதும் போய்விடும்" என்று பக்கத்தில் இருப்பவர்கள் அவசரப்படுத்துவார்கள்.

போலீஸ் நிலையத்துக்கு வரும் வெட்டுக்குத்து வழக்குகளில் இந்தக் கதை சகஜம். "அவன் கையை ஓங்கினான், நான் முந்திக்கொண்டேன்" என்பார்கள். ஓங்கினானா, தலையைச் சொறிந்தானா என்று பிறகு கோர்ட்டு விசாரிக்கும். அணுகுண்டு விஷயத்தில் விசாரிக்கக் கோர்ட்டும் இருக்காது, சாட்சியும் இருக்காது.

கை தவறுவது நடக்காத காரியம் அல்ல. 2022-ம் ஆண்டு மார்ச் 9-ந்தேதி, இந்தியாவின் "பிரமோஸ்" ஏவுகணை ஒன்று தவறுதலாகக் கிளம்பி, பாகிஸ்தானுக்குள் மியான் சன்னு என்ற ஊர் அருகே போய் விழுந்தது. குண்டு பொருத்தாத ஏவுகணை. உயிர்ச்சேதம் இல்லை. மூன்று விமானப்படை அதிகாரிகள் டிஸ்மிஸ் செய்யப்பட்டார்கள். அன்று பாகிஸ்தான் ராணுவம் "முந்திக்கொள்வோம்" என்று நினைத்திருந்தால்?

நீர்மூழ்கி இருந்தால் பிரதமர் பொறுக்கலாம். விழுந்தது குண்டா, தவறா என்று விசாரிக்கலாம். மறுநாள்கூட முடிவு செய்யலாம். திருப்பி அடிக்கிற பலம் தண்ணீருக்குள் பத்திரமாக இருக்கும். இத்தனை செலவில் வாங்கியது இந்த அவகாசத்தைத்தான்.

இதில் ஆபத்தும் உண்டு. தரையில் குண்டை ஒரு இடத்திலும், ராக்கெட்டை ஒரு இடத்திலும் பிரித்து வைக்கலாம். காவலுக்குப் போகிற கப்பலில் அப்படிச் செய்ய முடியாது. உள்ளே இருக்கிற சில அதிகாரிகளின் நிதானத்தில்தான் எல்லாம் இருக்கிறது. 1962-ம் ஆண்டு அக்டோபர் 27-ந்தேதி கியூபா அருகே அமெரிக்கக் கப்பல்கள் வெடிகளைப் போட்டு ஒரு ரஷிய நீர்மூழ்கியை விரட்டின. மாஸ்கோவோடு தொடர்பு இல்லை. உள்ளே தாங்க முடியாத வெக்கை. போர் தொடங்கிவிட்டது என்று நினைத்த கேப்டன் அணுகுண்டு டார்பிடோவைத் தயார் செய்யச் சொன்னார். வாசிலி அர்கிபோவ் என்ற அதிகாரி "வேண்டாம்" என்று தடுத்தார். தடுக்காவிட்டால் என்ன ஆகியிருக்கும் என்று சொல்லத் தேவை இல்லை.

மந்திரியின் பேச்சு

"அணுகுண்டை முதலில் போடமாட்டோம். யாராவது போட்டால் விடமாட்டோம்." 2003-ம் ஆண்டு ஜனவரி 4-ந்தேதி, வாஜ்பாய் அரசாங்கம் வெளியிட்ட அறிவிப்பின் சாரம் இது. அது இன்னும் ஏட்டில் இருக்கிறது.

ஆனால் 2019 ஆகஸ்டு 16-ந்தேதி, பொக்ரானுக்குப் போன ராணுவ மந்திரி ராஜ்நாத்சிங், இதுவரை அந்தக் கொள்கைதான், இனிமேல் எப்படி என்பது சூழ்நிலையைப் பொறுத்தது என்று பேசினார். அது வாஜ்பாயின் நினைவு நாள் வேறு!

அந்தப் பேச்சு அனாவசியம். அரிஹந்த் காவல் சுற்று முடித்து ஒரு வருஷம்கூட ஆகாத நேரம் அது. பொறுக்க முடியாதவன் "முந்திக்கொள்வேன்" என்று சொன்னால் அதில் ஒரு நியாயமாவது இருக்கும். பொறுப்பதற்கென்றே கப்பல் கட்டியவர் அப்படி ஏன் பேச வேண்டும்? "இவன் முந்துவானோ" என்று எதிரிக்குச் சந்தேகம் வந்தால் அவன் முந்தப் பார்ப்பான். கடலுக்கு அடியில் சம்பாதித்த பாதுகாப்பை மேடையில் செலவழித்த கதைதான்.

2024 ஆகஸ்டு 29-ந்தேதி அரிகாத்தைக் கடற்படையில் சேர்த்து வைத்தவரும் இதே ராஜ்நாத்சிங்தான். "2003-ம் ஆண்டு அறிவிப்பில் மாற்றம் இல்லை, சூழ்நிலை எதுவானாலும் இல்லை" என்று அரசாங்கம் பாராளுமன்றத்தில் திட்டவட்டமாகச் சொல்ல வேண்டும். எதிர்க்கட்சிகளும் கேட்டு வாங்க வேண்டும். ராணுவ ரகசியம் எதுவும் இதில் வெளியே போகாது. கப்பல் எங்கே இருக்கிறது என்று யாரும் கேட்கவில்லை.

அடுத்த கப்பல் விழாவிலும் தேங்காய் உடைப்பார்கள். அதற்கு முன்பே சொல்லிவிட்டால் நல்லது.