அவசரமில்லாத யுத்த வித்தை

வயோதிகர் ஒருவர் வழுக்கி விழுந்தார் என்றால் வீடு முழுவதும் திகில் பிடித்துக்கொள்கிறது. இடுப்பெலும்பு முறிந்தவர் மறுபடி முன்போல் நடமாடுவது எளிதன்று. இவ்விபத்தைத் தடுப்பதற்கு மருந்தைக் காட்டிலும் தேகாப்பியாசமே அனுகூலமானது. அவ்வகையில் சீன தேசத்தின் 'தாய் சி' நம் கவனத்துக்கு உரியது.

சீன நகரங்களின் பூங்காக்களில் விடியற்காலையில் கிழவர்களும் கிழவிகளும், நீருக்குள் நடப்பவர்களைப் போல, மெல்லக் கைகால்களை அசைத்துக்கொண்டிருப்பார்கள். நாட்டியமோ என்று தோன்றும். உண்மையில் அது சண்டைக் கலை! ஹெனான் மாகாணத்தில் சென் குடும்பத்தாரின் கிராமத்தில் வளர்ந்த வித்தை. அதை அங்கே கற்ற யாங் லூசான் (1799–1872) பீக்கிங் நகரில் புகழ் பெற்றார். அவருடைய பேரர் யாங் செங்ஃபூ, குதிப்பதையும் தரையை ஓங்கி மிதிப்பதையும் விலக்கி, யாவரும் செய்யத்தக்க நிதான நடையை அதற்கு அளித்தார்.

குடும்பப் பெயர்களால் ஐந்து முறைகள் வழங்குகின்றன: சென், யாங், சுன், மற்றும் 'ஊ' என்ற பெயரில் இரண்டு. (சீனர் அவ்விரண்டையும் வேறு வேறு எழுத்தால் எழுதுகிறார்கள், நம் காதுக்கோ ஒன்றேதான்.) புதிதாகத் தொடங்குகிறவர் எதை எடுத்துக்கொள்வது? புகழைப் பார்க்க வேண்டாம். தம் முழங்காலைப் பார்க்கட்டும். சென் முறையில் தாழ்ந்த நிலைகளும் திடீர் வேகமும் உண்டு; அது வாலிபர்களுக்கு ஆகும். யாங் முறை ஒரே சீராகச் செல்வது. 1956-இல் சீன அரசாங்கத்தின் விளையாட்டுத் துறையினர் அதைச் சுருக்கி 24 அசைவுகளாக வகுத்தனர்; செய்து முடிக்க ஆறு நிமிஷம் போதும். முழங்கால் வலி உள்ளவர்களுக்கு, சுன் லூடாங் (1860–1933) வகுத்த முறையே நல்லதென்பது நம் அபிப்பிராயம். அதில் நிமிர்ந்தே நிற்கலாம், அடிகள் சிறியவை, ஒரு கால் முன்னே சென்றால் மற்றது உடனே பின்தொடரும்.

பயன் எங்கிருந்து வருகிறது? உடலின் பாரத்தை ஒரு காலிலிருந்து மறு காலுக்கு, அறிந்து, மெதுவாக மாற்றுவதிலிருந்துதான். நடுக்குவாத நோயாளர் 195 பேரை வைத்து அமெரிக்காவில் நடத்திய பரீட்சையின் முடிவு 2012-இல் வெளியாயிற்று. வாரம் இரு முறை, 24 வாரம் தாய் சி பழகியவர்கள், உடலை நீட்டி மடக்கும் பயிற்சி மட்டும் செய்தவர்களைவிடக் குறைவாகவே விழுந்தார்கள். சர்வ ரோகமும் தீரும் என்று சில ஆசிரியர்கள் சொல்வதை நாம் நம்பவில்லை.

மயக்கம், தலைச்சுற்றல் உள்ளவர்கள் முதலில் வைத்தியரைக் கேட்க வேண்டும். முழங்கால் பாதவிரலைத் தாண்டி முன்னே போகலாகாது. முதல் மாதத்தில் இரண்டு மூன்று அசைவுகள் போதும். கைக்கெட்டும் தூரத்தில் கனமான நாற்காலி ஒன்று இருக்கட்டும்.