கொத்தளமும் குதங்களும்

இலங்கைத் தமிழர்களை இந்தியா கைவிட்டுவிட்டது என்கிற வாக்கியம் நம் சிற்றிதழ்களில் 2009க்குப் பிறகு ஏறத்தாழ ஒரு மந்திரமாகவே ஆகிவிட்டது. கவிதைகளிலும் தலையங்கங்களிலும் அஞ்சலிக் கூட்டங்களிலும் அது திரும்பத் திரும்ப ஒலிக்கிறது. அதிலுள்ள துயரத்தை நாம் மதிக்கிறோம். ஆனால் அந்த வாக்கியம் டில்லிக்குப் பெரியதொரு சலுகையை வழங்கிவிடுகிறது என்பதையும் சொல்லியாக வேண்டும். கைவிட்டவன் ஒருகாலத்தில் கைகொடுத்தவனாக இருந்திருக்க வேண்டும் அல்லவா? அப்படியொரு காலம் இருந்ததா? இந்திய அரசின் இலங்கைக் கொள்கையை அதன் சொந்த ஆவணங்களின் வழியே வாசிக்கிற எவருக்கும், அதன் மையத்தில் இருப்பது துறைமுகம் என்பதும், தமிழர் அந்தத் துறைமுகத்தை எட்டுவதற்கான படிக்கட்டு என்பதும் விளங்கும்.

மூலக்கொத்தளத்துக்காரர்களுக்குப் 'பாதுகாப்பு' என்ற சொல்லின் வரலாறு ஊர்ப் பெயரிலேயே இருக்கிறது. கொத்தளம் என்றால் கோட்டை மதிலின் காவல் முனை. 1769இல் ஹைதர் அலியின் குதிரைப்படை சென்னையின் வாசல்வரை வந்து போன அச்சத்தில், கிழக்கிந்தியக் கம்பெனி கறுப்பர் நகரத்தின் வடக்கிலும் மேற்கிலும் மதில் எழுப்பியது. அதற்கான வரியை மக்கள் தலையில் கட்டத் திட்டமிட்டது. வரி வசூலாகவில்லை, வால்டாக்ஸ் சாலை என்ற பெயர் மட்டும் நிலைத்துவிட்டது. பெரிய முற்றுகை எதையும் சந்திக்காமலேயே மதிலின் பெரும்பகுதி இடிபட்டது. அதற்கும் முன்பு, கோட்டையை ஒட்டியிருந்த சுதேசிகளின் வீடுகள் பீரங்கிகளின் பார்வையை மறைக்கின்றன என்று தரைமட்டமாக்கப்பட்டன. அந்த வெட்டவெளியில் எவரும் வீடு கட்டக்கூடாது என்று 1773இல் நட்ட எல்லைக்கற்களில் ஒன்று பாரிமுனையில் இன்றும் நிற்கிறது. வலிகாமம் வடக்கில் 'உயர் பாதுகாப்பு வலயம்' என்ற பெயரில் நடந்ததற்கு நம் தெருமுனையில் நிற்கும் முன்னோடி அது. அதிகாரத்தின் அச்சத்துக்கு விலை கொடுப்பவர்கள் மதிலோரத்தில் வாழ்பவர்கள்தாம்.

கம்பெனி போனது; மதிலின் தர்க்கம் போகவில்லை. 1962இல் சீனாவிடம் அடிபட்ட புதுடில்லிக்கு அண்டை நாடுகளின் நல்லெண்ணம் அவசரமாகத் தேவைப்பட்டது. 1964 அக்டோபர் 30 அன்று சிறிமாவோவும் சாஸ்திரியும் கையொப்பமிட்டனர். நாடற்றவர்களாக்கப்பட்டிருந்த 9,75,000 மலையகத் தமிழர்களில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேர் பிற்பாடு பேசித் தீர்த்துக்கொள்ள. தேயிலைப் பெட்டிகளைப் போல மனிதர்கள் பங்கிடப்பட்டனர். தலைமுறைகளாக அந்தத் தோட்டங்களில் உழைத்தவர்களின் ஒப்புதலை எவரும் கேட்கவில்லை. நல்லுறவுக்கான விலையாக மனிதர்களைக் கொடுத்த அரசு, இருபது ஆண்டுகளுக்குள் அழுத்தம் கொடுப்பதற்கான கருவியாக அவர்களது சகோதரர்களை எடுத்துக்கொண்டது. 1983 ஜூலைப் படுகொலைகளுக்குப் பின் போராளி இயக்கங்களுக்கு இந்திய மண்ணில் ஆயுதப் பயிற்சி கிடைத்தது. விடுதலையைப் பெற்றுத் தருவதற்காக அல்ல. அமெரிக்காவின் பக்கம் சாய்ந்துகொண்டிருந்த ஜெயவர்த்தனாவை வழிக்குக் கொண்டுவருவதற்காக.

இது நமது ஊகம் என்பவர்கள் 1987 ஜூலை 29 ஒப்பந்தத்தை அதன் இணைப்போடு சேர்த்து வாசிக்கட்டும். கையொப்பமிட்டவர்கள் ராஜீவ் காந்தியும் ஜெயவர்த்தனாவும். தமிழர் தரப்பில் ஒருவர்கூட இல்லை. ஒப்பந்தத்தின் உடலில் மாகாண சபை, வடகிழக்கு இணைப்பு, அதற்கான வாக்கெடுப்பு. அதனுடன் பரிமாறப்பட்ட கடிதங்களில்தான் உயிர் இருந்தது: திருகோணமலை உள்ளிட்ட எந்தத் துறைமுகத்தையும் இந்திய நலனுக்குப் பாதகமாக எந்த நாட்டின் இராணுவப் பயன்பாட்டுக்கும் தரக்கூடாது, அங்குள்ள எண்ணெய்க் குதங்களை இரு நாடுகளும் கூட்டாகச் சீரமைத்து இயக்க வேண்டும், அயல்நாட்டு வானொலி நிலையங்கள் உளவுக்குப் பயன்படாதபடி அவற்றுடனான ஒப்பந்தங்களை மறுபரிசீலனை செய்ய வேண்டும்.

இவ்விரண்டின் பிற்கால வரலாற்றைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். வாக்கெடுப்பு நடக்கவே இல்லை. வடகிழக்கு இணைப்பை 2006 அக்டோபரில் இலங்கை உச்ச நீதிமன்றம் செல்லாததாக்கியது. வட மாகாண சபைக்கு முதல் தேர்தல் நடந்தது 2013இல். 2018இல் அதன் பதவிக்காலம் முடிந்தபின் வருடக்கணக்கில் தேர்தலே இல்லை. குதங்களின் கதை வேறு. 2003இல் இந்தியன் ஆயில் நிறுவனத்தின் இலங்கைக் கிளை அங்கே கால் பதித்தது; 2022 ஜனவரியில் 99 குதங்களையும் பங்கிட்டு உடன்படிக்கை முடிந்தது: கூட்டு நிறுவனத்துக்கு 61, இந்திய நிறுவனத்துக்கு 14, இலங்கைக்கு 24. ஒரே நாளில் பிறந்த இரண்டு வாக்குறுதிகளில் எதை டில்லி 35 ஆண்டுகள் விடாமல் துரத்தியது, எதைச் சம்பிரதாய அறிக்கைகளில் மட்டும் நினைவுகூர்ந்தது என்பதற்கு இதைவிடத் துலக்கமான சாட்சியம் வேண்டுமா?

இடையில் சிந்தப்பட்ட இரத்தத்தையும் எண்ண வேண்டும். அமைதி காக்கச் சென்ற படை 1987 அக்டோபரில் போரில் இறங்கியது. அம்மாதம் யாழ்ப்பாண மருத்துவமனைக்குள் நோயாளிகளும் மருத்துவர்களும் ஊழியர்களும் கொல்லப்பட்டார்கள். அந்த நாட்களைப் பதிவுசெய்த 'முறிந்த பனை'யின் ஆசிரியர்களில் ஒருவரான ராஜினி திரணகம 1989 செப்டம்பரில் சுட்டுக்கொல்லப்பட்டார். இந்தியச் சிப்பாய்கள் ஏறத்தாழ 1,200 பேர் மாண்டனர். 1990 மார்ச்சில் கடைசிப் படைப்பிரிவு சென்னைத் துறைமுகத்தில் வந்திறங்கியபோது வரவேற்கச் செல்ல மறுத்தார் முதல்வர் கருணாநிதி. அந்த மறுப்பு அன்று பலத்த கண்டனத்துக்குள்ளானது. ஆனால் அந்தச் சிப்பாய்களை எதற்காக அனுப்பினோம் என்ற கேள்விக்கு அவர்களை அனுப்பியவர்கள் இன்றுவரை நேர்மையான பதில் சொன்னதில்லை.

பெரிய நாட்டுக்கு அச்சம் இருக்கக்கூடாதா என்று சிலர் கேட்பார்கள். இருக்கலாம். 1914இல் எம்டன் நம் துறைமுகத்து எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்தியதும், 1942 ஏப்ரலில் ஜப்பானிய விமானங்கள் திருகோணமலையைத் தாக்கியதும் கற்பனைகள் அல்ல. 2014இல் கொழும்புக்குச் சீன நீர்மூழ்கிக் கப்பல் வந்தது. 2017இல் அம்பாந்தோட்டை 99 ஆண்டுக் குத்தகைக்குப் போனது. 2022 ஆகஸ்டில் அங்கே யுவான் வாங் 5 நங்கூரமிட்டது. அச்சத்தை நாம் மறுக்கவில்லை. அதற்கு டில்லி கண்டுபிடித்த மருந்தைத்தான் மறுக்கிறோம். 2015இல் எல்லையில் லாரிகள் முடங்கியபோது நேபாளம் சீனாவின் பக்கம் திரும்பிப் பார்த்தது. 2023இல் மாலத்தீவில் 'இந்தியாவே வெளியேறு' என்ற முழக்கத்தின் தோளிலேறி முய்சு வென்றார். 2024 மே மாதத்துக்குள் இந்தியப் படையினர் அங்கிருந்து திரும்ப நேர்ந்தது. ஜெனீவாவில் 2009இல் இலங்கைக்கு ஆதரவு, 2012இலும் 2013இலும் எதிர்ப்பு, 2014இல் நடுநிலை என்று மாறி மாறி வாக்களித்த நாட்டைச் சிங்களரும் நம்பவில்லை, தமிழரும் நம்பவில்லை. சிறிய நாட்டின் மீது ஏறி நின்று பெறும் பாதுகாப்பு, அந்த நாடு நிமிரும் நாளில் சரிந்துவிடும்.

மாற்று வழிக்கு எடுத்துக்காட்டு தேடி வெகுதூரம் போக வேண்டியதில்லை. இலங்கை பொருளாதாரத்தில் முறிந்து கிடந்த 2022 மே மாதத்தில், தமிழ்நாட்டு மக்களின் பெயரால் 9,000 டன் அரிசியும் 200 டன் பால்மாவும் மருந்துகளும் ஏற்றிய முதல் கப்பல் அதே சென்னைத் துறைமுகத்திலிருந்து புறப்பட்டது. சிங்களர், தமிழர், முஸ்லிம் என்ற பேதமின்றி அது பங்கிடப்பட வேண்டும் என்பதே ஏற்பாடு. படை இறங்கிய துறையிலிருந்து அரிசி ஏறியது. அண்டை வீட்டாரின் மனதில் இவற்றுள் எது நிலைத்து நிற்கும் என்பதைத் தீர்மானிக்கப் பாதுகாப்பு வல்லுநர்கள் தேவையில்லை.

ஆயினும் பழைய வழிதான் இன்னும் பலமாக இருக்கிறது. திருகோணமலை மாவட்டத்துச் சம்பூரை எடுத்துக்கொள்ளுங்கள். 2006இல் குண்டுவீச்சுக்கு அஞ்சி ஓடிய தமிழர்களின் நிலம் உயர் பாதுகாப்பு வலயமாயிற்று. அங்கே நிலக்கரி அனல்மின் நிலையம் அமைக்க முன்வந்தது இந்திய அரசின் தேசிய அனல்மின் கழகம். மக்கள் முகாம்களில் ஆண்டுகளைக் கழித்தனர். 2015இல் நிலம் திரும்பத் தொடங்கியது. 2016இல் நிலக்கரித் திட்டம் கைவிடப்பட்டது. அதே கழகத்தின் பங்கேற்புடன் அதே சம்பூரில் சூரிய மின் திட்டத்துக்கு 2025 ஏப்ரல் 5 அன்று அடிக்கல் நாட்டப்பட்டது; இரு நாடுகளின் பாதுகாப்பு ஒத்துழைப்பு உடன்படிக்கையும் அதே நாளில் கையொப்பமானது. எண்ணூர்க்காரர்களுக்கு இந்தக் கழகத்தை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. வல்லூரின் 1,500 மெகாவாட் நிலையம் அதன் கூட்டு முயற்சிதான். காட்டுப்பள்ளித் துறைமுகத்தை 2018இல் வாங்கிய அதானி குழுமம்தான் 2025இல் இயங்கத் தொடங்கிய கொழும்பு மேற்கு முனையத்திலும் பெரும்பங்கு வைத்திருக்கிறது. அனல்மின் சாம்பல் படிந்த கொசஸ்தலை ஆற்றின் மீனவரும் சம்பூரின் விவசாயியும் 'தேச நலன்' என்ற ஒரே சொல்லால் விலக்கப்பட்டவர்கள். தொப்புள்கொடி உறவு என்று மேடையில் முழங்குவதைவிட உறுதியான உறவு இது.

அந்த முழக்கக்காரர்களிடமும் நமக்குக் கணக்கு உண்டு. பாக் நீரிணையில் இரட்டை மடி வலைகளோடு போய் வடமாகாணத் தமிழ் மீனவரின் கடலை வழித்தெடுக்கும் விசைப்படகு முதலாளிகளுக்கு முன்னால் ஏன் அந்தத் தொப்புள்கொடி அறுந்துபோகிறது? 1990இலிருந்து கும்மிடிப்பூண்டி முகாமில் பிறந்து வளர்ந்து பிள்ளை பெற்றவர்களுக்கு 2019 குடியுரிமைத் திருத்தச் சட்டம் கதவடைத்ததே, அந்த முகாம் மூலக்கொத்தளத்திலிருந்து ஒரு மின்ரயில் பயண தூரத்தில்தானே இருக்கிறது? பெரியண்ணன் மனோபாவம் டில்லிக்கு மட்டும் உரித்தானதன்று.

ஆகவே 'கைவிட்டுவிட்டது' என்று புலம்புவதை நிறுத்துவோம். கேட்க வேண்டியவை திட்டவட்டமானவை. அண்டை நாடுகளுடன் செய்யும் பாதுகாப்பு உடன்படிக்கைகளின் வாசகங்களை இரு நாட்டு நாடாளுமன்றங்களிலும் விவாதத்துக்கு வையுங்கள். குதங்களுக்காகக் காட்டிய பிடிவாதத்தில் பாதியையாவது மாகாண சபைத் தேர்தலுக்காகக் காட்டுங்கள். முகாம்களில் முதுமையடைந்தவர்களுக்குக் குடியுரிமை கொடுங்கள். மடிவலைகளை நிறுத்துங்கள். இவற்றைச் செய்ய மறுத்துவிட்டு இந்துமாக்கடலில் பாதுகாப்பைத் தேடுகிற அரசு, ஹைதர் போன பிறகு மதில் கட்டிய கம்பெனியின் வாரிசே அன்றி வேறல்ல.