வெடியில்லாத் தீபாவளி

சிவகங்கை மாவட்டம் திருப்பத்தூருக்கு அருகில் உள்ள கொள்ளுகுடிப்பட்டி என்னும் சிற்றூரில், எண்ணெய் ஸ்நானமும் புத்தாடையும் பலகாரமும் மற்ற ஊர்களைப் போலவே இருந்தும், வெடிச் சத்தம் மட்டும் அறவே இல்லாமல், பல பத்தாண்டுகளாகத் தீபாவளி நடந்துவருகிறது. தீபாவளியோடு நில்லாமல் கோயில் திருவிழாவுக்கும் கல்யாணத்துக்கும்கூட அங்கே வெடி கொளுத்துவதில்லை. ஊரை ஒட்டிய கண்மாய்களில் நிற்கும் மரங்களுக்கு, மழைக்காலத்தை ஒட்டி நாரைகளும் வக்காக்களும் அரிவாள் மூக்கன்களும் கூட்டங்கூட்டமாக வந்து சேர்வதும், அவை அஞ்சிப் பறந்துவிடலாகாது என்று ஊரார் தமக்குத் தாமே ஒரு கட்டுப்பாடு விதித்துக்கொண்டதும்தான் இதற்குக் காரணம். இந்தக் கண்மாய்கள் 1977-ஆம் ஆண்டில் வேட்டங்குடிப் பறவைகள் சரணாலயமாக அறிவிக்கப்பட்டன. தீபாவளிக்கு வனத்துறையினர் அவ்வூராருக்கு இனிப்பு வழங்கி நன்றி பாராட்டுவதும் வழக்கமாகியிருக்கிறது.

நத்தைகுத்தி நாரையைக் கிட்டத்தில் பார்த்தவர்களுக்கு இந்தக் கட்டுப்பாட்டின் அருமை எளிதில் விளங்கும். அதன் அலகின் இரு பாகங்களும் நடுவில் ஒன்றோடொன்று சேராமல் இடைவெளி விட்டு வளைந்திருக்கும். அந்த அலகைச் சேற்றுக்குள் விட்டு நத்தையைப் பிடித்து, ஓட்டிலிருந்து சதையை மட்டும் அவசரமின்றிப் பிரித்தெடுக்கும். அத்தனை பொறுமையுள்ள பறவை அடைகாத்துக்கொண்டிருக்கும் கிளைக்குப் பக்கத்தில் ஒரு லட்சுமி வெடி வெடித்தால், அது விருட்டென்று எழும்பும் வேகத்தில் சுள்ளிக் கூட்டிலிருந்து முட்டை உருண்டு நீரில் விழக்கூடும். விழாமல் தப்பியதைக் காக்கை கொண்டுபோகக்கூடும். திருநெல்வேலி மாவட்டத்துக் கூந்தன்குளத்திலும், ஈரோட்டை அடுத்த வெள்ளோட்டைச் சுற்றியுள்ள ஊர்களிலும் ஜனங்கள் இவ்வாறே வெடியைத் துறந்திருக்கிறார்கள். தனி மனிதன் ஒருவன் மௌன விரதம் இருப்பது அவனுடைய சொந்த அனுஷ்டானம். குழந்தைகள் முதல் கிழவர்கள் வரை ஓர் ஊரே ஒருமித்து ஓசையைக் கைவிடுவதை ஓர் உற்சவம் என்றே நான் மதிக்கிறேன்.

நம் தேசத்தில் வழங்கும் சாலிவாகன சகாப்தத்தை இன்றும் எண்ணிவரும் பாலித் தீவினர், தங்கள் வருஷப் பிறப்பையே மௌனத்துக்கென ஒதுக்கியிருக்கிறார்கள். நியெப்பி என்று பெயர்பெற்ற அந்நாளுக்கு முந்தின இரவில் பிரம்மாண்டமான பூத உருவங்களைத் தூக்கிக்கொண்டு பேரிரைச்சலோடு வீதி சுற்றிவிட்டு, மறுநாள் காலை ஆறு மணி முதல் அதற்கு அடுத்த நாள் காலை ஆறு மணி வரை தீ மூட்டாமல், தொழில் செய்யாமல், பயணம் போகாமல், கேளிக்கையில் ஈடுபடாமல் வீட்டுக்குள் அடங்கியிருக்கிறார்கள். ஆஸ்பத்திரிகளுக்கு விலக்கு உண்டு. விமான நிலையமோ அந்த ஒரு நாள் முழுவதும் மூடப்படுகிறது. வெளிநாட்டுப் பிரயாணிகளின் வருவாயை நம்பி வாழும் ஒரு தீவு ஒரு நாள் அதையும் வேண்டாமென்று வைப்பது சாமானிய சங்கல்பமல்ல. ஆனால் அங்கே தெருவில் காவலர்கள் சுற்றிவந்து எல்லோரையும் அடக்கிவைக்கும் முறை நமக்குப் பொருந்தாது என்பது என் அபிப்பிராயம்.

சேத்தியாத்தோப்பை அடுத்த வளையமாதேவியிலிருந்து இதை எழுதுகிறேன். நெய்வேலியில் 1957-ல் வெட்டத் தொடங்கிய நிலக்கரிச் சுரங்கம் விரிந்து விரிந்து எங்கள் வயல்களின் ஓரம்வரை வந்துவிட்டது. மண்ணை வாரும் ராட்சத எந்திரமும் அதை ஏற்றிச் செல்லும் பெல்ட்டும் ஷிப்டுக்கு ஷிப்டு ஓய்வின்றி ஓடுகின்றன. மின்சாரம் அதனால் கிடைப்பதால் அந்த ஓசையை நிறுத்தச் சொல்லி நான் கேட்கவில்லை. அதன்மேல் நாமாகக் கூட்டும் ஓசையைப் பற்றியே என் விசாரம். காதுகுத்துக்கு விடியுமுன்னே கூம்பு ஒலிபெருக்கி, மஞ்சள் நீராட்டுக்கு மைக் செட், சாவு ஊர்வலத்தில் வழிநெடுகச் சரவெடி என்று ஆகிவிட்டது. துக்க வீட்டில் அழுகிறவர்களின் அழுகை அவர்களுக்கே கேட்பதில்லை.

இங்கிருந்து அதிக தூரத்தில் இல்லாத வடலூரில், 1872-ல் சத்திய ஞான சபையில் ஜோதி வழிபாட்டைத் தொடங்கிய வள்ளலார், ஜீவகாருண்யத்தை மோட்ச வீட்டின் திறவுகோலாகக் கொண்டார். சபையில் ஆரவாரமின்றி மெல்லத் துதிக்க வேண்டும் என்பதும் அவர் வகுத்த நெறியே. ஆகவே நான் சொல்லும் விஷயம் இந்த மண்ணுக்குப் புதியதன்று.

சட்டம் இல்லையா என்று கேட்கலாம். இரவு பத்து மணிக்கு மேல் காலை ஆறு மணி வரை ஒலிபெருக்கி கூடாதென்று 2000-ஆம் ஆண்டு விதிகள் சொல்கின்றன. 2018-ல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பைத் தொடர்ந்து தீபாவளி வெடிக்குக் காலை ஒரு மணி நேரமும் மாலை ஒரு மணி நேரமும் என்று தமிழக அரசு வரையறுத்தது. இவை எவ்வளவு தூரம் அனுசரிக்கப்படுகின்றன என்பதைத் தீபாவளி இரவில் கண்விழித்திருக்கும் நோயாளிகளைக் கேட்டால் தெரியும். கொள்ளுகுடிப்பட்டியாருக்குக் காவல்காரர் தேவைப்படவில்லை. யாருக்காக அடங்கியிருக்கிறோம் என்பதை ஆண்டுதோறும் மரக்கிளைகளில் கண்ணாரக் காண்கிறார்கள். சிவகாசித் தொழிலாளரின் பிழைப்பை நினைத்து இதை மறுப்போருக்கு, மத்தாப்பும் புஸ்வாணமும் சங்குச் சக்கரமும் அவர்கள் கையில் பிறந்தவையே என்று சொல்வேன். அவற்றை நிறைய வாங்குங்கள்.

எங்கள் வட்டாரத்தில் வீராணம் இருக்கிறது. சுரங்கத்திலிருந்து இறைக்கும் நீரைப் பெறும் வாலாஜா ஏரியும் இருக்கிறது. மழை தொடங்கியதும் இரண்டிலும் நாரையும் கொக்கும் நீர்க்காகமும் இறங்குகின்றன. இந்த ஏரிக்கரைக் கிராமங்கள், தீபாவளி இரவு ஒன்றிலாவது வெடியும் ஒலிபெருக்கியும் வேண்டாமென்று தாமே முடிவு செய்ய வேண்டும். அக்டோபர் 2-ஆம் தேதி ஊராட்சிதோறும் கிராம சபை கூடுகிறது. தீபாவளிக்குச் சில வாரம் முன்னதாக வரும் அந்தக் கூட்டத்தில் இதைத் தீர்மானமாகக் கொண்டுவரும்படி, எங்கள் ஊராரையும் பக்கத்து ஊராரையும் கேட்டுக்கொள்கிறேன்.